இடுப்புச் சாய்வு: வீட்டில் சோதிப்பது முதல் வேலைக்குத் திரும்புவது வரை

இடுப்பு வலிக்கு வருகிறவர்களில் பலர் இப்போது வலியோடு ஒரு படத்தையும் கொண்டு வருகிறார்கள். பக்கவாட்டில் நின்று செல்போனில் எடுத்த படம். அதில் பெல்ட் முன்பக்கம் தாழ்ந்தும் பின்பக்கம் தூக்கியும் இருக்கும். "எனக்கு பெல்விக் டில்ட் இருக்குங்க, இதை எப்படி நேராக்கறது?" என்று கேட்பார்கள். வயதானவர்கள் வேறு மாதிரி கேட்பார்கள்: "இடுப்பு விலகிப் போச்சாம், தட்டி எடுக்கணுமாம், எடுத்துக்கலாங்களா?" தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம் பிசியோதெரபி பார்க்கிற நான் இரண்டு பேருக்கும் ஒரே பதிலைத்தான் சொல்கிறேன். சாய்வு என்பது நோயின் பெயர் கிடையாது. அது எதனால் வந்தது, அதனால் உங்களுக்கு ஏதாவது தொந்தரவு உண்டா என்று பார்த்த பிறகுதான் சிகிச்சையைப் பற்றிப் பேச முடியும். இந்த வழிகாட்டியும் அதே வரிசையில்தான் போகிறது.

எது சாய்கிறது?

இடுப்பெலும்பு ஒரு வளையம். இடமும் வலமும் இரண்டு அகன்ற எலும்புகள், பின்னால் நடுவில் முக்கோணமாகத் திருவெலும்பு. முதுகெலும்பு முழுவதும் இந்தத் திருவெலும்பின் மேல்தான் உட்கார்ந்திருக்கிறது. தொடை எலும்புகளின் தலை, வளையத்தின் இரு பக்கக் குழிகளில் பொருந்தியிருக்கிறது. அதனால் வளையம் எந்தப் பக்கம் சாய்ந்தாலும் மேலே கீழ்முதுகின் வளைவு மாறும், கீழே தொடை மூட்டின் கோணமும் மாறும்.

இந்த வளையத்தைத் தண்ணீர் நிரம்பிய குண்டானாக நினைத்துக்கொள்ளுங்கள். தண்ணீர் முன்பக்கம் சிந்துவது போலச் சாய்ந்தால் முன்சாய்வு. கீழ்முதுகு அதிகமாக உள்வாங்கும், வயிறு தள்ளித் தெரியும். பின்பக்கம் சிந்துவது போலச் சாய்ந்தால் பின்சாய்வு; முதுகின் இயல்பான வளைவு தட்டையாகிவிடும். ஒரு பக்கம் உயர்ந்து மறுபக்கம் தாழ்ந்தால் பக்கச்சாய்வு. வலமோ இடமோ திருகி நிற்பதும் உண்டு. ஒரே ஆளிடம் இவற்றில் இரண்டு சேர்ந்து இருப்பது சாதாரணம்.

இப்போது கையை இடுப்பில் வையுங்கள். முன்னால் விரலுக்குத் தட்டுப்படும் எலும்பு மேடு ஒன்று, பின்னால் குழி விழும் இடத்தில் கட்டைவிரலுக்குக் கிடைக்கும் மேடு இன்னொன்று. பெரும்பாலானவர்களுக்கு முன்மேடு பின்மேட்டைவிடச் சற்றுத் தாழ்ந்துதான் இருக்கும். வலி எதுவும் இல்லாத 120 பேரை அளந்து 2011-இல் வெளியான ஆய்வு ஒன்றில் ஆண்களில் 85 சதவீதமும் பெண்களில் 75 சதவீதமும் முன்சாய்வோடுதான் இருந்தார்கள். எலும்பின் உருவமே ஆளுக்கு ஆள் மாறும் என்பதும் உண்டு. இறந்தவர்களின் இடுப்பெலும்புகள் 30-ஐ ஒரே நிலையில் நிறுத்தி அளந்தபோது, இந்த இரண்டு மேடுகளுக்கும் இடைப்பட்ட கோணம் 0 முதல் 23 டிகிரி வரை வேறுபட்டது. அவற்றில் தசையும் கிடையாது, உட்கார்ந்து வேலை பார்க்கும் பழக்கமும் கிடையாது. எலும்பின் வார்ப்பே அப்படி. செல்போன் படத்தில் கோடு போட்டு "பத்து டிகிரி சாய்ந்திருக்கிறது" என்று சொல்வதை நான் பொருட்படுத்தாமல் இருப்பது இதனால்தான்.

படி 1: வீட்டில் வைத்துப் பார்க்கக் கூடாதவை

சோதனைக்கும் பயிற்சிக்கும் போவதற்கு முன்னால் இந்தப் பகுதியை நிதானமாகப் படியுங்கள். கீழே உள்ளதில் ஏதாவது ஒன்று இருந்தால் மருத்துவரைப் பார்த்த பிறகுதான் மற்றது எல்லாம்.

முதுகு வலியோடு சிறுநீர் வராமல் நின்றுபோவது, சிறுநீரோ மலமோ தெரியாமல் போய்விடுவது, பிறப்புறுப்பைச் சுற்றியும் உட்காரும் இடத்திலும் மரத்துப்போவது, இரண்டு காலும் வலுவிழப்பது. இவை முதுகுத்தண்டின் அடியில் உள்ள நரம்புக் கற்றை நசுங்குவதன் அறிகுறிகள். அன்றைக்கே, அந்த மணிநேரத்திலேயே, 108-ஐ அழைத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். "காலையில பாத்துக்கலாம்" என்று தள்ளிப்போட்டால் திரும்ப வராத அளவுக்கு நரம்பு கெட்டுவிடும்.

மாமரத்திலிருந்தோ வண்டியிலிருந்தோ விழுந்த பிறகு வந்த வலிக்கு எக்ஸ்ரே எடுக்காமல் எந்தப் பயிற்சியும் வேண்டாம். வயதான பெண்களுக்கும் நீண்ட நாள் ஸ்டீராய்டு மாத்திரை எடுப்பவர்களுக்கும் படியில் சறுக்கி உட்கார்ந்ததே எலும்பு முறியப் போதும். சாயங்காலக் காய்ச்சல், உடல் மெலிவு, இரவில் தூங்க விடாத வலி என்று இருந்தால் முதுகெலும்புக் காசநோய் முதல் புற்றுநோய் வரை யோசிக்க வேண்டும். முப்பது வயது ஆள் காலையில் எழுந்தால் அரை மணி நேரத்துக்கு மேல் முதுகு விறைத்துக் கிடக்கிறது, ஓய்வில் கூடி நடமாட்டத்தில் குறைகிறது, மூன்று மாதத்துக்கு மேலாக இப்படி இருக்கிறது என்றால் அது முதுகெலும்பைப் பாதிக்கும் வாத நோயாக இருக்கலாம். அதற்குத் தனி மருந்து உண்டு.

பிள்ளைகளைப் பற்றி ஒன்று. நொண்டி நடக்கும் பிள்ளைக்கு "இடுப்பு சாஞ்சிருக்கு" என்று எண்ணெய் போட்டு நீவக் கூடாது. நான்கு முதல் எட்டு வயதுக்குள் தொடை எலும்பின் தலைக்கு இரத்த ஓட்டம் குறைந்து அது சிதையும் நோய் வரலாம். பத்து வயதுக்கு மேல், குறிப்பாகக் கொஞ்சம் பருமனான பிள்ளைகளுக்கு, அந்தத் தலை வளரும் இடத்தில் நழுவலாம். இரண்டிலும் பிள்ளை பெரும்பாலும் முட்டியைத்தான் காட்டும். முட்டி வலி என்று வரும் பிள்ளைக்கு இடுப்பு மூட்டையும் சேர்த்துப் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள்.

படி 2: வீட்டில் செய்து பார்க்கும் சோதனைகள்

கூட ஒருவர் இருந்தால் நல்லது. இறுக்கமில்லாத உடை, வெறுங்கால்.

முதலில் சுவர். குதிகாலைச் சுவரிலிருந்து நான்கு விரற்கடை தள்ளி வைத்து, பிட்டமும் மேல்முதுகும் சுவரில் படும்படி நில்லுங்கள். கீழ்முதுகுக்கும் சுவருக்கும் நடுவே கையை நுழையுங்கள். உள்ளங்கை தட்டையாகப் போனால் சரி. மூடிய முஷ்டியே தாராளமாகப் போனால் வளைவு கூடுதல். விரல்கூட நுழையாவிட்டால் முதுகு தட்டையாக இருக்கிறது. இது தோராயமான சோதனைதான். பிட்டம் பெருத்தவர்களுக்குப் பொய் சொல்லும்.

அடுத்தது தொடையின் முன்பக்க இறுக்கம். 19-ஆம் நூற்றாண்டில் ஹியூ ஓவன் தாமஸ் என்ற எலும்பு மருத்துவர், நோயால் மடங்கி இறுகிப்போன இடுப்பு மூட்டைக் கண்டுபிடிக்கச் செய்த சோதனை இது. இன்றும் இதற்கு அவர் பெயர்தான். உறுதியான மரக்கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்து மெதுவாக மல்லாந்து படுங்கள். கயிற்றுக் கட்டில் உதவாது. ஒரு முட்டியை இரண்டு கையாலும் நெஞ்சோடு அணையுங்கள். முதுகு கட்டிலோடு படியும் வரை போதும். மற்றக் காலை ஓரத்தில் தொங்க விடுங்கள். அந்தத் தொடை கட்டிலோடு படிந்து, முட்டி மடங்கித் தொங்கினால் இறுக்கம் இல்லை. தொடை மேலே தூக்கி நின்றால் இடுப்பை மடக்கும் தசையோ மூட்டோ இறுகியிருக்கிறது. தொடை படிந்து முட்டி மட்டும் நீண்டுகொண்டால் முன்தொடைத் தசை. இடுப்பு மூட்டு மாற்று அறுவை செய்தவர்கள் இதைச் செய்ய வேண்டாம்.

மூன்றாவது, ஒற்றைக்கால் நிலை. இதை 1895-இல் விவரித்தவர் ஜெர்மனியின் டிரெண்டலன்பெர்க். பின்னால் நிற்பவர் உங்கள் இடுப்பின் இரு மேல்விளிம்பையும் பார்க்க வேண்டும். ஒரு காலைத் தூக்கி முப்பது விநாடி நில்லுங்கள். தூக்கிய காலின் பக்கம் இடுப்பு தொங்கினால், தரையில் ஊன்றிய காலின் பக்கவாட்டுப் பிட்டத் தசைக்கு வலு போதவில்லை என்று பொருள். தொங்குவது ஒரு பக்கம், பலவீனம் மறுபக்கம். பலர் இதைத் தலைகீழாகப் புரிந்துகொண்டு தவறான காலுக்குப் பயிற்சி செய்கிறார்கள்.

இதை ஓர் ஆளிடம் பார்த்த விதத்தைச் சொன்னால் விளங்கும். பாலக்கோட்டுப் பக்கம் தக்காளி பறிக்கப் போகும் அம்மா ஒருவர், நாற்பதைத் தாண்டியவர். "வலது இடுப்பு நோவுது சார், விலகிப் போச்சுன்னு ரெண்டு வாட்டி தட்டி எடுத்தாங்க" என்றார். நின்றால் இடுப்பு நேர்தான். வலது காலில் நிற்கச் சொன்னேன். ஐந்து விநாடி நன்றாக நின்றார். அப்புறம் இடது பக்கப் புடவைக் கட்டின் விளிம்பு மெல்ல இறங்கியது. அதை ஈடுகட்ட உடம்பு முழுவதும் வலது பக்கம் சாய்ந்தது. இடது காலில் நின்றால் எதுவும் ஆகவில்லை. "கிரேட்டை எந்தப் பக்கம் வெச்சு தூக்குவீங்கம்மா?" "எப்பவும் இடது இடுப்புலதான், வலது கைக்கு வேலை இருக்குமே." எதுவும் விலகவில்லை. பாரத்தை இடதில் ஏந்தி நடக்கும்போது ஒவ்வோர் அடியிலும் அதைத் தாங்க வேண்டியது வலது பக்கத் தசை. அது களைத்துப்போயிருந்தது. அவருக்குத் தேவைப்பட்டது பக்கவாட்டுத் தசைக்கு வலு சேர்ப்பதும், பாரத்தை மாற்றி மாற்றி ஏந்துவதும்தான்.

நான்காவது சோதனை, நிற்கும்போது பக்கச்சாய்வு தெரிந்தால் மட்டும். அதே ஆளைக் கெட்டியான பெஞ்சில் உட்கார வைத்துப் பின்னாலிருந்து பாருங்கள். உட்கார்ந்ததும் இடுப்பு சமமாகிவிட்டால் காரணம் காலில் இருக்கிறது. கால் நீளம் வேறுபடலாம், ஒரு பாதம் தட்டையாக இருக்கலாம். உட்கார்ந்தும் சாய்வு மாறவில்லை என்றால் இடுப்பிலோ முதுகெலும்பிலோ தேட வேண்டும். பத்து முதல் பதினைந்து வயதுப் பிள்ளைகளைக் கூடவே குனியச் சொல்லுங்கள். குனிந்த முதுகில் ஒரு பக்க விலா மட்டும் மேடாக எழுந்தால் அது முதுகெலும்பு வளைவு. வளர்ச்சி நிற்பதற்குள் மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

கடைசிச் சோதனையைத்தான் நான் மிக முக்கியமாக நினைக்கிறேன். பாயில் மல்லாந்து, முட்டியை மடக்கிப் படுங்கள். கீழ்முதுகைப் பாயோடு அழுத்துங்கள். அப்புறம் அடியில் ஒரு கை நுழையும் அளவுக்குத் தூக்குங்கள். இரண்டு பக்கமும் வலி இல்லாமல், நெஞ்சையும் தொடையையும் இறுக்காமல், இடுப்பை மட்டும் அசைக்க முடிகிறதா? முடிந்தால் உங்கள் நின்ற நிலை எப்படி இருந்தாலும் பெரிய கவலை இல்லை. எந்தப் பக்கம் போனால் வலிக்கிறது என்று குறித்து வையுங்கள். சிகிச்சை அங்கிருந்துதான் தொடங்கும்.

படி 3: காரணத்தைத் தேடுவது

செக் மருத்துவர் விளாதிமிர் யாண்டா சொன்ன விளக்கம் உலகம் முழுவதும் பரவியது: இடுப்பை மடக்கும் தசையும் முதுகுத் தசையும் இறுகுகின்றன, வயிற்றுத் தசையும் பிட்டத் தசையும் தளர்கின்றன, அதனால் வளையம் முன்னால் சாய்கிறது. கேட்கத் தெளிவாக இருக்கிறது. ஆனால் ஆட்களை அளந்து பார்த்தால் தசையின் வலுவுக்கும் நின்ற நிலையின் கோணத்துக்கும் உள்ள தொடர்பு பலவீனமாகத்தான் கிடைக்கிறது. அந்தத் தசைகளுக்குப் பயிற்சி கொடுத்தால் வலி குறைவது உண்மை. கோணம் பெரிதாக மாறுவதில்லை என்பதும் உண்மை. அதனால் கண்ணாடியில் தெரியும் உருவத்தை வைத்து முன்னேற்றத்தை அளக்காதீர்கள்.

முன்சாய்வு கூடுவதற்குத் தெளிவான காரணங்கள் சில உண்டு. கர்ப்பத்தில் எடை முன்னால் நகர்கிறது; பெருத்த வயிறும் அதையே செய்கிறது. இடுப்பு மூட்டுத் தேய்மானத்தில் தொடை முழுதாக நீளாததால் நிமிர்ந்து நிற்க முதுகு அதிகமாக வளைய வேண்டியிருக்கிறது. கீழ்முதுகெலும்பின் ஒரு கண்ணி முன்னால் நழுவியிருந்தாலும் இப்படித் தெரியும்.

பின்சாய்வு பெரும்பாலும் உட்காரும் விதத்தில் வருவது. ஓசூரிலிருந்து பெங்களூருக்குப் பஸ்ஸில் போய்வருகிறவர், தொப்பூர் கணவாய் வழியாக லாரி ஓட்டுகிறவர், குத்துக்காலிட்டுக் களை எடுக்கிறவர் எல்லாருக்கும் அந்த நேரத்தில் இடுப்பு முழுக்கப் பின்னால் உருண்டுதான் இருக்கும். குத்துக்காலிடுவதில் கெடுதல் இல்லை. நம் உடம்புக்குப் பழகிய நிலை அது. மணிக்கணக்கில் மாற்றாமல் இருப்பதுதான் சிக்கல். வயது ஆக ஆக, முதுகெலும்புக் கண்ணிகளுக்கு நடுவே மெத்தை போல இருக்கும் டிஸ்க்கின் உயரம் குறைந்தும் முதுகு தட்டையாகும்.

பக்கச்சாய்வில் முதலில் கால் நீளத்தைப் பார்க்க வேண்டும். சில மில்லிமீட்டர் வித்தியாசம் அநேகமாக எல்லாருக்கும் உண்டு, அதற்குச் சிகிச்சை வேண்டாம். தொடை எலும்பு முறிந்து குட்டையாகக் கூடியவர்களுக்கும், சிறுவயதில் போலியோ வந்தவர்களுக்கும் வித்தியாசம் பெரிதாக இருக்கும். இந்தியா போலியோ இல்லாத நாடாக 2014-இல் சான்று பெற்றது. அதற்கு முந்தைய தலைமுறையில் ஒரு கால் சூம்பி, இடுப்பு சாய்ந்து நடக்கிறவர்கள் நம் ஊர்களில் இன்னும் இருக்கிறார்கள். திடீரென்று ஒரு பக்கம் சாய்ந்துகொண்டு கால் முழுக்க வலி இறங்கினால் அது டிஸ்க் நரம்பை அழுத்துவதால் உடம்பு தானே ஒதுங்கும் சாய்வு. வலி குறைந்தால் அது தானாக நேராகும். நிமிர்த்தி இழுக்கக் கூடாது.

"விலகிப் போச்சு" என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன். திருவெலும்பும் இடுப்பெலும்பும் சேரும் மூட்டு உடம்பின் மிகக் கெட்டியான தசைநார்களால் கட்டப்பட்டது. அது அசைவதே ஒருசில டிகிரிதான். வண்டி மோதல் போன்ற பெரிய விசை இல்லாமல் அது இடம் நகராது. தட்டி எடுக்கும்போது வரும் 'சடக்' சத்தமும் அப்போதைய சுகமும் மூட்டுத் திரவத்தில் குமிழி உண்டாவதாலும், தசை சற்று நேரம் தளர்வதாலும் வருபவை. முதுகில் ஏறி மிதிப்பது எலும்பு தேய்ந்த பெரியவர்களுக்கு முறிவில் கொண்டுபோய் விடும்.

நம் மாவட்டங்களுக்கென்று ஒரு காரணம்

இதை விரிவாகச் சொல்ல வேண்டும். முதுகு விறைத்து, குனிய முடியாமல், முட்டியும் இடுப்பும் மடங்கியபடியே நடக்கும் பெரியவர்களை பென்னாகரம், பாலக்கோடு பக்கம் பார்த்திருப்பீர்கள். அவர்களில் சிலருக்கு இது வயதுக் கோளாறோ உட்காரும் பழக்கமோ கிடையாது. குடித்த தண்ணீர்.

தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களின் பாறைகளிலிருந்து ஃபுளோரைடு நிலத்தடி நீரில் கரைகிறது. குடிநீரில் லிட்டருக்கு 1 மில்லிகிராம் வரை ஏற்கலாம், வேறு வழி இல்லாவிட்டால் 1.5 வரை என்பது இந்தியத் தர அளவு. ஆண்டுக்கணக்கில் அதைவிட மிக அதிகமாகக் குடித்தால் ஃபுளோரைடு எலும்பில் படிந்து, தசைநார்கள் சுண்ணாம்பேறி இறுகும். முதுகெலும்பும் இடுப்பு வளையமும் முதலில் பாதிக்கப்படும் இடங்களில் சேர்த்தி. முதுகு பலகை போலாகி, இடுப்பு வளையம் அசையாமல் பூட்டிக்கொள்ளும். இந்தக் காரணத்துக்காகத்தான் காவிரித் தண்ணீரைக் கொண்டுவரும் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் ஜப்பானியக் கடனுதவியோடு போடப்பட்டு 2013-இல் தொடங்கி வைக்கப்பட்டது. குழாயில் அந்தத் தண்ணீர் வந்தாலும் ருசிக்காகவோ பழக்கத்துக்காகவோ ஆழ்துளைக் கிணற்றின் போர்த் தண்ணீரையே குடிக்கும் வீடுகள் உண்டு.

பல்லில் காவிக் கறை இருந்தால் சந்தேகம் வலுக்கும். ஆனால் பல் கறை, பல் உருவாகும் சிறுவயதில் அந்தத் தண்ணீரைக் குடித்தவர்களுக்கு மட்டுமே வரும். வேறு ஊரிலிருந்து கல்யாணம் ஆகி இங்கே வந்து முப்பது வருடம் போர்த் தண்ணீர் குடித்த பெண்ணுக்குப் பல் வெள்ளையாகவே இருக்கும், எலும்பு மட்டும் இறுகியிருக்கும். பல்லைப் பார்த்து இல்லை என்று முடிவு செய்துவிடாதீர்கள்.

இப்படி விறைத்த முதுகுக்கு வேகமாக இழுக்கும் பயிற்சியோ தட்டுவதோ ஆபத்து. முதுகு, இடுப்பு, முன்கை எக்ஸ்ரேயும் சிறுநீரில் ஃபுளோரைடு அளவும் பார்க்கச் சொல்லுங்கள். படிந்ததை முழுதாக எடுக்கும் மருந்து இல்லை. தண்ணீரை மாற்றுவதுதான் முதல் சிகிச்சை. ஆர்.ஓ. வடிப்பான் ஃபுளோரைடைக் குறைக்கும். கொதிக்க வைப்பது குறைக்காது, தண்ணீர் சுண்டச் சுண்ட அடர்த்தி கூடத்தான் செய்யும். கேழ்வரகு, பால், கீரை என்று சுண்ணாம்புச் சத்துள்ள சாப்பாடு வேண்டும். களி தின்னும் ஊரில் இதற்கு வெளியே தேட வேண்டியதில்லை. அதோடு மிஞ்சியிருக்கும் அசைவைக் காப்பாற்ற மென்மையான தினசரிப் பயிற்சி.

படி 4: வலியைத் தணிக்கும் முதல் இரண்டு வாரம்

படுத்தே கிடக்காதீர்கள்; கடுமையான வலிக்கும் ஓரிரு நாள் ஓய்வு போதும். வெந்நீர் ஒத்தடம், தாங்கும் அளவுக்கு நடை. வலி மாத்திரை மருத்துவர் சொன்னால் சில நாட்கள். மருந்துக்கடையில் கேட்டு ஊசி போட்டுக்கொள்வது வேண்டாம், அல்சரும் சிறுநீரகக் கோளாறும் அப்படித்தான் சேர்கின்றன.

பயிற்சி ஒன்றே ஒன்று. மல்லாந்து முட்டி மடக்கிப் படுத்து, மூச்சை விடும்போது கீழ்முதுகு மெல்லப் பாயில் படியட்டும். இழுக்கும்போது மெல்ல விலகட்டும். காலையும் மாலையும் பத்துப் பத்து. எந்தப் பக்கம் வலிக்கிறதோ அந்தப் பக்கம் பாதி தூரம் மட்டும். ஒரு வாரத்தில் இதையே நாற்காலியில் உட்கார்ந்தும், அப்புறம் சுவரில் சாய்ந்து நின்றும் செய்யுங்கள்.

வலி பத்துக்கு மூன்று நான்கு வரை போய், மறுநாள் காலைக்குள் பழைய நிலைக்கு வந்தால் பயிற்சி அளவோடு இருக்கிறது. வலி காலுக்குள் இறங்கினால் நிறுத்திவிட்டு ஆலோசனை கேளுங்கள்.

படி 5: இறுக்கத்தைத் தளர்த்துவது

தாமஸ் சோதனையில் தொடை தூக்கியவர்களுக்கு மட்டும் இது. ஒரு முட்டியை மடித்த போர்வை மேல் ஊன்றி, மற்றப் பாதத்தை முன்னால் வையுங்கள். பெரும்பாலானவர்கள் இங்கே உடம்பை முன்னால் தள்ளி முதுகை வளைத்துவிடுகிறார்கள். தூரம் போன மாதிரி இருக்கும், தசை இழுபடவே இல்லை. முதலில் ஊன்றிய காலின் பிட்டத்தை இறுக்கி, வால் எலும்பை உள்ளே சுருட்டுங்கள். அந்த நிலையை விடாமல் ஓர் அங்குலம் மட்டும் முன்னால் நகருங்கள். தொடையின் மேல்பகுதியில் இழுப்பு தெரிய வேண்டும், முதுகில் எதுவும் தெரியக் கூடாது. முப்பது விநாடி, பக்கத்துக்கு மூன்று தடவை.

பின்தொடை இறுகியவர்கள் வாசற்படியில் படுத்து ஒரு காலை நிலைக்கட்டையின் மேல் சாய்த்து, மறுகாலை வாசலுக்கு வெளியே நீட்டலாம். கெண்டைக்காலுக்குக் கீழே மின்சாரம் போல இழுத்தால் அது நரம்பு, தசை கிடையாது; காலைக் கொஞ்சம் இறக்குங்கள்.

படி 6: வலு சேர்ப்பது

இரண்டாவது மூன்றாவது வாரத்திலிருந்து, வாரம் மூன்று நாள், குறைந்தது மூன்று மாதம். சிகிச்சையின் பெரும்பகுதி இதுதான், ஆட்கள் விட்டுவிட்டுப் போவதும் இங்கேதான்.

முட்டி மடக்கிப் படுத்து, முதலில் கீழ்முதுகைப் பாயோடு படிய வைத்து, அப்புறம் குதிகாலை ஊன்றி இடுப்பைத் தூக்குங்கள். ஐந்து விநாடி நிறுத்தி இறக்குங்கள். பத்துத் தடவை, இரண்டு மூன்று சுற்று. பின்தொடை பிடித்துக்கொண்டால் பாதத்தைப் பிட்டத்துக்கு இன்னும் பக்கத்தில் வையுங்கள். சுலபமானதும் ஒற்றைக் காலில்.

பக்கவாட்டுத் தசைக்கு, சுவரை ஒட்டி ஒருக்களித்துப் படுத்து, மேல் காலின் குதிகால் சுவரில் உரசியபடி மேலே போகட்டும். குதிகால் சுவரை விட்டால் இடுப்பு உருண்டுவிட்டது என்று தெரிந்துகொள்ளலாம். பன்னிரண்டு தடவை, இரண்டு சுற்று. ஒற்றைக்கால் சோதனையில் தோற்ற காலுக்கு ஒரு சுற்று கூடுதல்.

வயிற்றுக்கு, மல்லாந்து இரு முட்டியும் இடுப்புக்கு நேர் மேலே. முதுகு பாயை விடாமல் ஒரு கையும் எதிர்க்காலும் மெதுவாக நீளட்டும், மாற்றி மாற்றி. முதுகு தூக்கினால் காலைக் குறைவாக நீட்டுங்கள். எழுந்து படுக்கும் வேகமான வயிற்றுப் பயிற்சி இதற்கு வேண்டாம்.

கடைசியாகக் குனியும் முறை. ஒரு துடைப்பக் கட்டையை முதுகோடு பிடித்து, தலை, மேல்முதுகு, வால் எலும்பு மூன்றும் அதில் பட்டபடியே இடுப்பிலிருந்து குனியுங்கள். பழகியதும் ஐந்து கிலோ அரிசிப் பை, அப்புறம் பத்து கிலோ.

படி 7: வேலைக்கு ஏற்றபடி

களை எடுப்பவர்கள் அரை மணிக்கு ஒருமுறை எழுந்து, கையை இடுப்பில் வைத்து ஐந்து தடவை பின்னால் வளையுங்கள். ஒரு சால் குத்துக்காலில் என்றால் அடுத்த சால் ஒரு முட்டி ஊன்றி. குடமோ குழந்தையோ, பக்கம் மாற்றுங்கள். தொழிற்சாலையில் நின்று வேலை பார்ப்பவர்கள் ஒரு பாதத்தைச் சிறு கட்டையில் ஏற்றி, அதை மாற்றிக்கொண்டே இருக்கலாம். ஓட்டுநர்கள் பின்பாக்கெட் பர்ஸை எடுத்துவிட்டு, டீக்கு இறங்கும்போது ஐந்து நிமிடம் நடந்துவிட்டு ஏறுங்கள்.

கர்ப்பிணிகளுக்கு இடுப்பு வளையத்தைத் தாங்கும் பெல்ட் வலியின்போது உதவும். மல்லாந்து படுத்தால் தலை சுற்றுகிறது என்றால் பயிற்சியைச் சுவரில் சாய்ந்து நின்றோ, கையும் முட்டியும் தரையில் ஊன்றியோ செய்யுங்கள். பிரசவத்துக்குப் பிறகு வயிற்றில் துணி இறுக்கிக் கட்டுவது தெம்பாக இருக்கலாம், தசைக்கு வலு சேர்க்காது. சிசேரியன் ஆனவர்கள் மருத்துவர் அனுமதித்த பிறகு படி 4-இலிருந்து தொடங்குங்கள்.

குதிகால் உயர்த்தும் அட்டையை யார் சொன்னாலும் அளக்காமல் போடாதீர்கள். வித்தியாசம் இரண்டு சென்டிமீட்டரை நெருங்கும்போதுதான் பெரும்பாலும் அதற்கு அவசியம் வரும். அப்போதும் மூன்று ஐந்து மில்லிமீட்டரில் தொடங்கி மெல்லக் கூட்ட வேண்டும். சாய்வை நிமிர்த்துவதற்கென்று அறுவை சிகிச்சை கிடையாது. தேய்ந்த மூட்டு, நசுங்கிய நரம்பு, பெரிய வளைவு என்று அடியில் உள்ள நோய்க்குத்தான் அறுவை.

எங்கே போவது, எப்போது மறுபடி காட்டுவது

தர்மபுரி, கிருஷ்ணகிரி இரண்டிலும் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது. எலும்புப் பிரிவில் காட்டினால் அங்கேயே பிசியோதெரபிக்கும் அனுப்புவார்கள். வெளியே வர முடியாத முதியவர்களுக்கு 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டுக்கே வந்து பிசியோதெரபி தருகிறார்கள். 2021 ஆகஸ்ட் 5-ஆம் தேதி அது தொடங்கப்பட்டதே கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில்தான். ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்தில் பெயர் கொடுத்தால் போதும்.

போகும்போது மூன்றை எழுதிக்கொண்டு போங்கள்: வலி எந்த அசைவில் கூடுகிறது, சோதனைகளில் எந்தப் பக்கம் தோற்றது, வீட்டில் எந்தத் தண்ணீர் குடிக்கிறீர்கள். மூன்றாவதை மருத்துவர் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லுங்கள்.

ஆறு வாரத்தில் வலி ஓரளவு குறைய வேண்டும். ஒற்றைக்காலில் நிற்கும் நேரம், நடக்கும் தூரம், தூக்கும் எடை மூன்றும் பன்னிரண்டு வாரத்தில் கூடியிருக்க வேண்டும். கூடவில்லை என்றால் அதே பயிற்சியை இன்னும் கடுமையாகச் செய்யாமல், நின்ற நிலையில் எக்ஸ்ரேயும் தேவைப்பட்டால் எம்ஆர்ஐயும் எடுத்துக் காரணத்தைத் திரும்பத் தேடச் சொல்லுங்கள். குறைந்த வலி அறுவடைக் காலத்தில் திரும்ப வருவது வழக்கம். அப்போது இரண்டு மூன்று நாள் படி 4-க்கு இறங்கி, பாதி எடையில் படி 6-ஐத் தொடருங்கள்.